பழைய விபி6 புரோகிராமை ஒரே எக்ஸிஇ-யாகப் பொதிந்து விண்டோஸ் 11-இல் ஓட்ட முடியுமா?

காலண்டர்_பையன் எழுதியது:

வணக்கம். கொஞ்சம் நீளமான கேள்வி, பொறுத்துக்கொண்டு படியுங்கள்.

சிவகாசியில் மாமாவின் அச்சகம். அங்கே கம்ப்யூட்டர் சம்பந்தப்பட்டது எல்லாம் என் தலையில். நான் படித்தது பி.காம், "நீதான் எந்நேரமும் போனை நோண்டிக்கொண்டு இருக்கிறாயே" என்று சொல்லி ஒப்படைத்துவிட்டார்கள். அங்கே ஒரு எஸ்டிமேட் புரோகிராம் இருக்கிறது, 2003 வாக்கில் உள்ளூர்க்காரர் ஒருவர் விபி6-இல் (விஷுவல் பேசிக் 6) எழுதிக் கொடுத்தது. பார்ட்டி பெயர், சைஸ், எத்தனை கலர், எத்தனை பிரதி என்று போட்டால் எத்தனை ரீம் பேப்பர், வேஸ்டேஜ் எவ்வளவு, பிளேட், பிரிண்டிங், பைண்டிங் கூலி எல்லாம் சேர்த்துத் தொகையைக் காட்டும். பில்லும் அதிலேயேதான், டாட் மேட்ரிக்ஸில் அடிப்போம். எழுதியவர் இப்போது இந்தத் தொழிலிலேயே இல்லை, சோர்ஸ் கோடு அவரிடமும் கிடையாது. வேறு சாஃப்ட்வேர் வாங்கலாம் என்றால் மாமா அசையமாட்டார். டேப் எத்தனை தடவை அடித்தால் எந்தக் கட்டத்துக்குப் போகும் என்று அவர் விரலுக்குத் தெரியும், திரையைப் பார்க்காமலே போட்டுவிடுவார்.

இது ஓடுவது ஒரு எக்ஸ்பி மெஷினில். எஸ்எம்பிஎஸ் (பவர் சப்ளை) இரண்டு முறை மாற்றியாகிவிட்டது, போர்டில் கெப்பாசிட்டர் நான்கு உப்பி நிற்கிறது. ஆடிப்பெருக்குக்குப் புது ஆல்பம் வெளிவந்ததும் காலண்டர் ஆர்டர் கொட்ட ஆரம்பிக்கும், அதற்குள் இதை விண்டோஸ் 11 மெஷினுக்கு மாற்றியாக வேண்டும்.

ஃபோல்டரை அப்படியே புரோகிராம் ஃபைல்ஸுக்குள் காப்பி செய்து ஓட்டினேன். ரன்டைம் எரர் 339, ஏதோ ஓசிஎக்ஸ் (புரோகிராம் கூடவே பயன்படுத்தும் ஒரு துணைக் கோப்பு) ரிஜிஸ்டர் ஆகவில்லை என்றது. அதை ரிஜிஸ்டர் செய்தால் அடுத்தது, அதையும் செய்தால் அதற்கு அடுத்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் போனது, கடைசியில் திறந்துகொண்டது. பத்து நாள் ஓட்டினோம். அப்புறம்தான் கூத்து. ஒரே பில் நம்பர் 1187, இரண்டு பார்ட்டிக்குப் போயிருக்கிறது! நான் போட்ட எஸ்டிமேட் என் சித்தி மகன் லாகின் செய்தால் தெரிவதில்லை, அவன் போட்டது எனக்குத் தெரிவதில்லை. இத்தனைக்கும் ஒரே மெஷின், ஒரே ஃபோல்டர். சில நேரம் "ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்" கொடுத்துத் திறந்தால் மூன்றாவதாக ஒரு கணக்கு வருகிறது. ஃபோல்டரில் இருக்கும் எம்டிபி கோப்பின் (கணக்கெல்லாம் இருக்கும் ஆக்சஸ் டேட்டாபேஸ்) தேதியைப் பார்த்தால் கடைசியாக மாறி ஒரு வாரம் ஆகியிருக்கிறது. பேய் பிடித்த மாதிரி இருக்கிறது.

அப்ளிகேஷன் விர்ச்சுவலைசேஷன் என்று ஒன்று இருக்கிறது, பழைய புரோகிராமை அதற்கு வேண்டிய டிஎல்எல் (துணை நிரல் கோப்பு), ரெஜிஸ்ட்ரியோடு (விண்டோஸ் தன் அமைப்புகளைப் பதிந்து வைக்கும் இடம்) ஒரே எக்ஸிஇ-யாகக் கட்டிவிடலாம், எந்த மெஷினிலும் இன்ஸ்டால் செய்யாமல் ஓடும் என்று படித்தேன். தின்ஆப், ஆப்-வி, எனிக்மா என்று பெயர்கள் வருகின்றன. எது எங்களுக்குச் சரிவரும்? நான்கு மெஷின்தான், எல்லாம் விண்டோஸ் 11 ப்ரோ. காசு கம்மியாக ஆனால் நல்லது. அதே எக்ஸ்பி மெஷினில் பேஜ்மேக்கர் 7-உம் (பக்கம் வடிவமைக்கும் சாஃப்ட்வேர்) பழைய தமிழ் டைப்பிங் சாஃப்ட்வேரும் இருக்கின்றன, அதையும் சேர்த்துப் பொதிய முடியுமா?

நேரா_பேசு எழுதியது:

எதற்கு இவ்வளவு சுற்றல்? விர்ச்சுவல்பாக்ஸ் போடு (மெஷினுக்குள் இன்னொரு மெஷின் மாதிரி), உள்ளே எக்ஸ்பி போடு, நெட்டை வெட்டிவிடு. அரை மணி நேர வேலை.

பொதிமூட்டை எழுதியது:

விர்ச்சுவல்பாக்ஸ் யோசனை தப்பில்லை, ஆனால் ஒரு பில் அடிக்க ஒரு முழு விண்டோஸைப் பூட் செய்ய மாமா எத்தனை நாள் பொறுப்பார் என்று யோசியுங்கள். அதைக் கடைசிக் கை என்று வைத்துக்கொள்ளலாம்.

தம்பி, நான் பத்து வருடத்துக்கு மேல் சென்னையில் இதே வேலைதான் பார்த்தேன், பெரிய கம்பெனிகளின் பழைய சாஃப்ட்வேரைப் பொதிந்து கொடுக்கும் டீம். அதனால் கொஞ்சம் விளக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் இதில் என்ன நடக்கிறது என்று தெரியாமல் கருவியைத் தேடினால் காசும் போகும், டேட்டாவும் போகும்.

முதலில் ஒரு சுத்தமான விண்டோஸ் மெஷினை, வேறெதுவும் இன்ஸ்டால் ஆகாததை, படம் பிடிப்பது போல ஒரு முறை ஸ்கேன் செய்வார்கள். பிறகு புரோகிராமை இன்ஸ்டால் செய்து, ஒரு தடவை திறந்து மூடிவிட்டு, மறுபடியும் ஸ்கேன். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம்தான் பொதி: எந்தக் கோப்பு புதிதாக வந்தது, ரெஜிஸ்ட்ரியில் எந்தச் சாவி எழுதப்பட்டது. ஓடும்போது புரோகிராமுக்கும் விண்டோஸுக்கும் நடுவில் ஒரு மெல்லிய அடுக்கு உட்கார்ந்திருக்கும். "சிஸ்டம்32-இல் அந்த டிஎல்எல் இருக்கிறதா" என்று புரோகிராம் கேட்டால், உண்மையான டிஸ்கில் இல்லாவிட்டாலும் "இருக்கிறது, இந்தா" என்று பொதிக்குள்ளிருந்து எடுத்துக் கொடுக்கும். இன்ஸ்டால் ஆன மாதிரி ஒரு நாடகம், அவ்வளவுதான்.

இதில் மறைந்திருக்கும் நல்ல விஷயம் ஒன்று. பழைய புரோகிராம் பலவற்றில் புரோகிராம் 32-பிட், ஆனால் செட்டப் மட்டும் 16-பிட்டாக இருக்கும். 64-பிட் விண்டோஸ் 16-பிட் எதையும் ஓட்டாது, விண்டோஸ் 11-க்கு 32-பிட் பதிப்பே கிடையாது. சில பழைய செட்டப்களை அடையாளம் கண்டு விண்டோஸே 32-பிட் ஒன்றை மாற்றி வைத்துக்கொள்ளும், எல்லாவற்றுக்கும் அப்படி நடக்காது. அந்த மாதிரி சமயத்தில் 32-பிட் எக்ஸ்பியிலோ 7-லோ இன்ஸ்டால் செய்து பிடித்த பொதியை 64-பிட்டுக்குக் கொண்டுபோனால் அழகாக ஓடும். செட்டப் தன் வேலையை அங்கேயே முடித்துவிட்டதே.

இனி எது முடியாது என்று பார்ப்போம். அந்த அடுக்கு கோப்பையும் ரெஜிஸ்ட்ரியையும்தான் ஏமாற்றுகிறது, கீழே இருக்கும் கெர்னல் (விண்டோஸின் மையப் பகுதி) உங்கள் விண்டோஸ் 11-உடையதேதான். ஆகவே டிரைவர் பொதிக்குள் வராது. புரோகிராமே 16-பிட் என்றால் அதுவும் ஓடாது. டாங்கிள் (சாஃப்ட்வேர் திறக்க மெஷினில் சொருகி வைக்கும் பூட்டு மாதிரி ஒரு கட்டி) வைத்த சாஃப்ட்வேர் எல்லாம் இங்கேதான் தலைகுப்புற விழும்.

கருவி விஷயம். ஆப்-வி என்பது முதலில் பாஸ்டனில் இருந்த சாஃப்ட்ரிசிட்டி என்ற கம்பெனியின் சாஃப்ட்கிரிட். 2006-இல் மைக்ரோசாஃப்ட் வாங்கிப் பெயரை மாற்றியது. அதன் கிளையண்ட் எண்டர்பிரைஸ், எஜுகேஷன் பதிப்புகளில்தான் இருக்கும், உங்கள் ப்ரோவில் கிடையாது. ஆகவே அதை மறந்துவிடுங்கள். தின்ஆப் முன்பு தின்ஸ்டால், 2008-இல் விஎம்வேர் வாங்கியது. ஒரே எக்ஸிஇ-யாகக் கட்டும், ஓட்டும் மெஷினில் எதுவும் வேண்டாம், எனக்கு மிகவும் பிடித்த கருவி. ஆனால் நான்கு மெஷின் அச்சகத்துக்கு அந்த லைசென்ஸ் யானையைக் கட்டித் தீனி போடுகிற கதை. எனிக்மா விர்ச்சுவல் பாக்ஸ் இலவசம். அது ஸ்கேன் எதுவும் செய்யாது, எந்தெந்தக் கோப்பு, எந்தெந்த ரெஜிஸ்ட்ரி என்று நாமே சேர்க்க வேண்டும். கட்டிய எக்ஸிஇ-யை ஆன்டிவைரஸ் சில சமயம் வைரஸ் என்று பிடித்து உள்ளே போடும், அதற்கும் தயாராக இருங்கள்.

கடைசியாக என் சொந்தக் கதை ஒன்று, இதைப் படிக்காமல் எதையும் பொதியாதீர்கள். பொதிந்த புரோகிராம் தன் ஃபோல்டரில் எழுதப் பார்த்தால் அது உண்மையான ஃபோல்டருக்குப் போகாமல் சாண்ட்பாக்ஸ் என்ற தனி ஃபோல்டருக்குப் போகிற மாதிரி அமைக்கலாம். தின்ஆப்பில் இதற்கு ரைட்காப்பி என்று பெயர். படிக்கும்போது உள்ளதைப் படிக்கும், எழுதினால் நகல் எடுத்து அந்தந்த யூசரின் புரொஃபைலுக்குள் எழுதும். செட்டிங் எல்லாம் சேமிக்கும் புரோகிராமுக்கு அருமையான ஏற்பாடு. நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு ஆலைக்குச் சம்பளக் கணக்கு சாஃப்ட்வேர் ஒன்றைப் பொதிந்தேன், டேட்டா கோப்பும் அதே ஃபோல்டரில் இருப்பதைக் கவனிக்காமல். இரண்டு மாதம் எல்லாம் சுகம். ஒரு நாள் அங்கே சம்பளக் கணக்கு போடும் அம்மாவின் புரொஃபைல் கெட்டுப்போக, சப்போர்ட் ஆள் அதை அழித்துப் புதிதாக உருவாக்கினார். சாண்ட்பாக்ஸும் சேர்ந்து போனது, அதோடு இரண்டு மாதக் கணக்கும் போனது. பேக்கப் தினமும் ஓடியிருக்கிறது, ஆனால் யாரும் எழுதாத அந்த அசல் கோப்பைத்தான் அறுபது நாளும் பேக்கப் எடுத்திருக்கிறது. அந்த வாரம் நான் சாப்பிட்டதே நினைவில்லை.

உங்கள் 1187 கதையைப் படித்ததும் அதுதான் ஞாபகம் வந்தது. நீங்கள் எதையும் பொதியாமலே அதே வியாதி வந்திருக்கிறது.

விபி_காலத்து_ஆள் எழுதியது:

பொதிமூட்டை சார் தொட்டுவிட்டு நிறுத்திவிட்டார், நான் தொடர்கிறேன். அந்தப் பேயின் பெயர் விர்ச்சுவல்ஸ்டோர்.

விண்டோஸ் விஸ்டா வந்தபோது சாதாரண யூசர் புரோகிராம் ஃபைல்ஸுக்குள் எழுதக்கூடாது என்று மைக்ரோசாஃப்ட் கறாராகச் சொல்லிவிட்டது. அப்படிச் சொன்னால் எங்கள் தலைமுறை எழுதிய விபி புரோகிராம் பாதி அன்றைக்கே செத்திருக்கும், ஏனென்றால் நாங்கள் எல்லோரும் எக்ஸிஇ பக்கத்திலேயே எம்டிபியை வைத்துப் பழகியவர்கள். எனவே ஒரு சலுகை வைத்தார்கள். பழைய 32-பிட் புரோகிராம் அங்கே எழுத முயன்றால் எரர் கொடுக்காமல், சத்தமில்லாமல் அந்த யூசரின் ஆப்டேட்டாவுக்குள் லோக்கல், அதற்குள் விர்ச்சுவல்ஸ்டோர் என்ற ஃபோல்டருக்குத் திருப்பிவிடும். படிக்கும்போதும் அங்கே நகல் இருந்தால் அதைத்தான் முதலில் காட்டும். அட்மினாக ஓட்டினால் இந்தத் திருப்பல் இல்லை, உண்மையான ஃபோல்டருக்கே போகும். ஆக உங்களிடம் மூன்று எம்டிபி இருக்கிறது தம்பி. புரோகிராம் ஃபைல்ஸில் ஒன்று, உங்கள் விர்ச்சுவல்ஸ்டோரில் ஒன்று, சித்தி மகனுடையதில் ஒன்று. ஒவ்வொன்றும் தனித்தனியாக எண்ணியிருக்கிறது, அதனால்தான் இரண்டு 1187. சந்தேகம் இருந்தால் டாஸ்க் மேனேஜரில் டீடெய்ல்ஸ் பக்கம் போய், மேலே தலைப்பில் ரைட் கிளிக் செய்து, யுஏசி விர்ச்சுவலைசேஷன் என்ற பத்தியைச் சேருங்கள். உங்கள் புரோகிராமுக்கு நேராக "எனேபில்ட்" என்று நிற்கும்.

இப்போதே புரோகிராமை மூடி, மூன்றையும் வேறு இடத்துக்குக் காப்பி எடுத்துவிடுங்கள். அப்புறம்தான் மற்றது.

அடுத்து, உங்களுக்கு விர்ச்சுவலைசேஷன் வேண்டுமா என்றால், வேண்டாம் என்பேன். உங்கள் புரோகிராமின் பிரச்சினை ஓசிஎக்ஸ் ரிஜிஸ்ட்ரேஷன் மட்டும்தான். விபி6 ரன்டைம் விண்டோஸ் 11-இலும் கூடவே வருகிறது. எக்ஸ்பி காலத்திலேயே ரெஜிஸ்ட்ரியைத் தொடாமல் ஓசிஎக்ஸைப் பயன்படுத்தும் வழி வந்துவிட்டது. எக்ஸிஇ பக்கத்தில் அதே பெயரில் மேனிஃபெஸ்ட் என்று ஒரு எக்ஸ்எம்எல் கோப்பு, அதில் "இந்த ஓசிஎக்ஸ் இந்த ஃபோல்டரிலேயே இருக்கிறது, அதன் அடையாள எண் இது" என்று எழுதியிருந்தால் போதும், விண்டோஸ் ரெஜிஸ்ட்ரிக்குப் போகாமல் அங்கேயே எடுத்துக்கொள்ளும். கையால் எழுதினால் கண் போய்விடும். அன்அட்டெண்டட் மேக் மை மேனிஃபெஸ்ட் என்று ஒரு இலவசக் கருவி இருக்கிறது, ஓசிஎக்ஸ் பட்டியலை ஒரு ஐஎன்ஐ கோப்பில் கொடுத்தால் அதுவே எழுதித் தரும். சோர்ஸ் கோடு தேவையில்லை. எல்லாம் ஒரே ஃபோல்டர், எந்த மெஷினுக்கும் காப்பி செய்தால் ஓடும். நீங்கள் கேட்டது இதுதானே?

எந்த ஓசிஎக்ஸ் என்று எப்படித் தெரியும்? ஊகிக்காதீர்கள். சிஸ்இன்டர்னல்ஸின் புராசஸ் மானிட்டரை எடுத்து, நன்றாக ஓடும் அந்த எக்ஸ்பி மெஷினில் (எக்ஸ்பியில் ஓடும் பழைய பதிப்பு வேண்டும்) உங்கள் எக்ஸிஇ-க்கு மட்டும் ஃபில்டர் போட்டு ஓடவிடுங்கள். ஒவ்வொரு ஸ்கிரீனையும் ஒரு தடவை திறக்க வேண்டும், ரிப்போர்ட்டையும் சேர்த்து, ஏனென்றால் ரிப்போர்ட் டிஎல்எல் ரிப்போர்ட் கேட்கும்போதுதான் ஏறும். புது மெஷினில் ஓட்டும்போது "நேம் நாட் ஃபவுண்ட்" என்று வரும் வரிகளை மட்டும் பாருங்கள். நூற்றுக்கணக்கில் வரும், பயப்பட வேண்டாம், பெரும்பாலானவை சும்மா தேடிப் பார்ப்பது. புரோகிராம் விழுவதற்குச் சற்று முன்னால் ஒரே டிஎல்எல்லைப் பல ஃபோல்டரில் தேடிவிட்டு ஓய்கிறதா, அதுதான் ஆள்.

மூன்று எச்சரிக்கை. புரோகிராம் எம்டிபியைத் திறப்பது டிஏஓ 3.6 (டேட்டாபேஸைத் திறக்கும் துணை நிரல்) வழியாக என்றால் பிரச்சினை இல்லை, அதற்கு அடியில் ஓடும் 32-பிட் ஜெட் 4 டேட்டாபேஸ் எஞ்சின் விண்டோஸ் 11-லும் இருக்கிறது. எம்டிபி ஆக்சஸ் 97 வடிவில் இருந்து, டிஏஓ 3.5 வழியாகத் திறக்கிறது என்றால் மேனிஃபெஸ்ட் மட்டும் போதாது. பழைய ஜெட் தன் விவரத்தை ரெஜிஸ்ட்ரியில் தேடும், அப்போது சார் சொன்ன பொதி வழி உண்மையிலேயே கைகொடுக்கும். இரண்டாவது, மேனிஃபெஸ்டில் "ரெக்வெஸ்டட் எக்ஸிக்யூஷன் லெவல்" என்ற பகுதியைச் சேர்த்த நிமிடமே விர்ச்சுவல்ஸ்டோர் திருப்பல் நின்றுவிடும். நல்லதுதான். ஆனால் அந்த நாள் காலையில் மாமா திறந்தால் பழைய கணக்கு தெரியும், அச்சகமே அல்லோலகல்லோலப்படும். எனவே முதலில் மூன்று கணக்கையும் சேர்த்து, ஃபோல்டரைப் புரோகிராம் ஃபைல்ஸை விட்டு டி டிரைவுக்கு மாற்றிவிட்டு, அதற்கப்புறம் மேனிஃபெஸ்ட். மூன்றாவது, புரோகிராமில் தமிழ் எழுத்து பழைய 8-பிட் ஃபான்டில் இருக்கிறதென்றால், ரீஜன் செட்டிங்கில் சிஸ்டம் லோகேல் மாற்றும் இடத்தில் யுடிஎஃப்-8 பீட்டா என்று ஒரு டிக் இருக்கும், அது விழுந்திருக்கிறதா என்று பாருங்கள். விழுந்திருந்தால் எடுத்துவிடுங்கள். விபி6 எழுத்தையெல்லாம் சிஸ்டத்தின் கோட்பேஜ் (எந்த எண்ணுக்கு எந்த எழுத்து என்ற பட்டியல்) வழியாக மாற்றுவது, அந்த டிக் இருந்தால் பார்ட்டி பெயரெல்லாம் கட்டமும் கேள்விக்குறியுமாக வரும்.

நேரா_பேசு எழுதியது:

சரி ஒத்துக்கொள்கிறேன், இது விர்ச்சுவல்பாக்ஸை விடச் சுத்தம். ஆனால் எம்டிபியை நான்கு மெஷினிலும் பகிரப்போகிறாய் என்றால் வைஃபையில் வைக்காதே, வயர் இழு. எழுதும்போது லைன் ஒரு நொடி விட்டால் ஜெட் கோப்பு கெட்டுப்போகும், ரிப்பேர் போட்டாலும் சில பதிவு திரும்பாது. பட்டவன் சொல்கிறேன்.

காலண்டர்_பையன் எழுதியது:

விபி_காலத்து_ஆள் அக்கா, கோவில் கட்டலாம் உங்களுக்கு. (அக்கா என்று கூப்பிடலாம்தானே?)

சொன்ன இடத்தில் சொன்ன மாதிரி மூன்று எம்டிபி. என்னுடையதில் 41 எஸ்டிமேட், தம்பியுடையதில் 26, அட்மின் கணக்கில் 9. மாமா முன்னால் மூன்றையும் பேப்பரில் எடுத்து வைத்து, பில் புத்தகத்தோடு ஒவ்வொன்றாக ஒப்பிட்டு, எது நிஜம் என்று அவரே டிக் போட்டார், இரவு ஒரு மணி ஆகிவிட்டது. மறுபடியும் எல்லாவற்றையும் கையால் ஏற்றினோம், ரெண்டாவது 1187-க்குப் புது நம்பர் கொடுத்து அந்தப் பார்ட்டிக்கு மாமாவே போன் போட்டுச் சமாளித்துவிட்டார்.

எம்டிபி ஆக்சஸ் 2000 வடிவம், டிஏஓ 3.6தான். மேனிஃபெஸ்ட் எழுதி, ஃபோல்டரை டி டிரைவில் வைத்தேன், முதல் தடவையே திறந்தது. கிரிஸ்டல் ரிப்போர்ட் (ரிப்போர்ட் அடிக்கும் பகுதி) மட்டும் முரண்டு பிடித்தது. டேட்டாபேஸ் திறக்க முடியவில்லை என்று மட்டும் சொன்னது, எந்தக் கோப்பு என்று சொல்லவில்லை. புராசஸ் மானிட்டரில் பார்த்தால் பி2பி என்று ஆரம்பிக்கும் ஒரு டிஎல்எல்லை ஏழெட்டு ஃபோல்டரில் தேடிவிட்டு நின்றிருக்கிறது. எக்ஸ்பி மெஷினில் சிஸ்டம்32-இல் கிடந்தது, எடுத்துப் பக்கத்தில் வைத்ததும் ரிப்போர்ட் வந்துவிட்டது. மற்ற மூன்று மெஷினிலும் வெறும் காப்பி பேஸ்ட், ஒரு இன்ஸ்டாலேஷன் கூட இல்லை. டேட்டா பாத் புரோகிராமின் ஐஎன்ஐ கோப்பில் இருந்ததால் எம்டிபி ஒரு மெஷினில் மட்டும். வயர்தான், வைஃபை இல்லை.

மிச்சம் இரண்டு. ஒன்று பேஜ்மேக்கர் பக்கம்: அதோடு சேர்ந்த தமிழ் டைப்பிங் சாஃப்ட்வேருக்காக மெஷினின் பின்னால் பிரிண்டர் போர்ட்டில் ஒரு கட்டி சொருகியிருக்கிறது, அது இல்லாவிட்டால் திறக்காது. இரண்டு, பில் பிரிண்ட் கொடுத்தால் எதுவும் நடக்கவில்லை. புரோகிராம் எந்தப் பிரிண்டர் என்றும் கேட்பதில்லை.

பொதிமூட்டை எழுதியது:

அந்தக் கட்டிதான் டாங்கிள். நான் சொன்ன இடம் இதுதான். அதன் டிரைவர் 32-பிட் கெர்னல் டிரைவர், 64-பிட் விண்டோஸில் ஏறவே ஏறாது, எந்தப் பொதிக் கருவியாலும் ஒன்றும் செய்ய முடியாது. யுஎஸ்பி டாங்கிளாக இருந்தால் விர்ச்சுவல்பாக்ஸ் எக்ஸ்பிக்குள் திருப்பிவிடலாம், உங்களுடையது போலப் பழைய பிரிண்டர் போர்ட் (பேரலல் போர்ட்) என்றால் யுஎஸ்பி மாற்றி கேபிளும் வேலைக்கு ஆகாது, அது பிரிண்டருக்கு மட்டும்தான் லாயக்கு.

ஆனால் யோசித்துப் பாருங்கள், உங்களுக்கு வேண்டியது அந்த சாஃப்ட்வேரா, அதன் ஃபான்டா? பேஜ்மேக்கர் 7 ஒரு சாதாரண 32-பிட் புரோகிராம், அதற்கு டாங்கிள் இல்லை. பழைய கோப்புகள் திறக்க ஃபான்ட் இருந்தால் போதும். புதிதாகத் தட்டச்சு செய்ய என்எச்எம் ரைட்டர் போடுங்கள், இலவசம். யூனிகோட் மட்டும் இல்லாமல் டாப், டாம், டிஸ்கி, பாமினி, வானவில் என்று பழைய குறியேற்றங்களிலும் (எழுத்துக்கு எண் கொடுக்கும் முறைகள்) அடிக்கும். உங்கள் ஃபான்ட் எந்தக் குறியேற்றம் என்று கண்டுபிடித்து அதைத் தேர்ந்தெடுத்தால் டிடிபி ஆளுக்கு விரல் பழக்கம் மாறாது. ஃபான்ட் லைசென்ஸ் உங்களிடம் இருக்கிறதல்லவா, அதையும் ஒரு பார்வை பார்த்துக்கொள்ளுங்கள். அந்தக் கம்பெனி தனக்கென்றே ஒரு குறியேற்றம் வைத்திருந்தால் மட்டும்தான் சிக்கல். அப்படியானால் எக்ஸ்பி மெஷினின் கெப்பாசிட்டரை மாற்றி, அதை அந்த ஒரு வேலைக்கு மட்டும் ஓரமாக வைத்துக்கொள்வதே நல்லது. மாற்ற அதிகம் செலவாகாது, சால்டரிங் தெரிந்த ஆள் வேண்டும்.

புள்ளி_அச்சு எழுதியது:

பில் விஷயத்துக்கு நான் வருகிறேன், டாட் மேட்ரிக்ஸ் சர்வீஸ்தான் என் பிழைப்பு. அந்தக் காலத்துப் புரோகிராம் பிரிண்டர் டிரைவரை எல்லாம் கேட்காது, நேராக எல்பிடி1 என்ற போர்ட்டைத் திறந்து எழுத்தைக் கொட்டும். உங்கள் புது மெஷினில் அந்தப் போர்ட்டே இல்லை, பிரிண்டர் யுஎஸ்பியில் இருக்கும். பிரிண்டரை ஷேர் செய்யுங்கள், ஷேர் பெயரை இடைவெளி இல்லாமல் சின்னதாக, பில் என்றே வையுங்கள். கமாண்ட் பிராம்ப்டில் நெட் யூஸ் என்று அடித்து, இடைவெளி விட்டு எல்பிடி1, அப்புறம் இரண்டு பின்சாய்கோடு போட்டு மெஷின் பெயர், ஒரு பின்சாய்கோடு, ஷேர் பெயர், கடைசியில் இடைவெளி விட்டு /persistent:yes. அதே மெஷினில் சொருகியிருந்தாலும் ஷேர் வழியாகத்தான் போக வேண்டும், அதில் பலர் தடுமாறுவார்கள். மற்ற மெஷினிலிருந்தும் இதே கமாண்ட்தான், மெஷின் பெயர் மட்டும் பிரிண்டர் இருக்கும் மெஷினுடையது.

காலண்டர்_பையன் எழுதியது:

அண்ணா, பில் வந்துவிட்டது!! கர்ர்ர் என்று சத்தம் கேட்டதும் பைண்டிங் பக்கம் இருந்தவர்கள் எல்லாம் எட்டிப் பார்த்தார்கள். ஃபான்ட் வானவில் குறியேற்றம்தான் என்று தெரிந்தது, என்எச்எம்மில் அடித்தால் பேஜ்மேக்கரில் சரியாக விழுகிறது, டிடிபி அக்கா "இது போதும்" என்று சொல்லிவிட்டார். எக்ஸ்பி மெஷினை இன்னும் தூக்கிப் போடவில்லை, மாமா விடமாட்டேன் என்கிறார். சாண்ட்பாக்ஸ் கதையை அவரிடம் சொன்னேன், அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் எம்டிபி கோப்பின் தேதியை அவரே பார்த்துவிட்டுத்தான் பேக்கப் பென்டிரைவைப் பைக்குள் போடுகிறார்.

ஒரே ஒரு சின்ன விஷயம். புரோகிராமில் எதையும் மாற்றவில்லை, ஆனால் பில் அடிக்கும்போது எல்லாம் ஒரு வரி கீழே இறங்கி வருகிறது, மொத்தத் தொகை அச்சடித்த கோட்டின் மேலேயே விழுகிறது. இதற்கும் மேனிஃபெஸ்டில் ஏதாவது செய்ய வேண்டுமா?

புள்ளி_அச்சு எழுதியது:

தம்பி, பிரிண்டரை ஆஃப் செய்து, குமிழைத் திருப்பிப் பேப்பரை ஒரு வரி அளவு கீழே இறக்கிவிட்டு, மறுபடி ஆன் செய்.